மில்லியன் டாலர் கையும் வாரக்கூலி 290 டாலரும்

ஒரு கதை நம் தமிழ்க் குடும்பங்களுக்கிடையே மறுபடி சுற்றிக்கொண்டிருக்கிறது. வாட்ஸாப்பில் வருகிறது, பிள்ளைகளுக்கான 'தன்னம்பிக்கை வகுப்பு'களில் வருகிறது, பொங்கல் விழா மேடையில் மைக் பிடித்தவர் வாயிலிருந்தும் வருகிறது. உத்தரப்பிரதேசத்தின் குக்கிராமத்துப் பையன்கள் இரண்டு பேர், வாழ்க்கையில் பேஸ்பால் பந்தையே பார்த்திராதவர்கள், ஒரு போட்டியில் பந்தெறிந்து, ஆறே மாதத்தில் அமெரிக்கத் தொழில்முறை அணியில் சேர்ந்து கோடீஸ்வரர்கள் ஆகிவிட்டார்களாம். "அவங்களால முடிஞ்சா உன்னால முடியாதா?" என்று முடிப்பார்கள். பெற்றோர்கள் கைதட்டுவார்கள். நமக்குப் புல்லரிக்கும்.

எனக்குப் புல்லரிக்கவில்லை, கடுப்புதான் வருகிறது. காரணம், அந்தப் பையன்கள் படித்த ஊரிலேயே, லக்னோவில்தான், நானும் பொட்டி தட்டிப் பிழைக்கிறேன். இந்தக் கதையில் யார் பெயரை எடுக்கிறார்கள், யாரை விட்டுவிடுகிறார்கள் என்பது இங்கே இருப்பவனுக்குக் கொஞ்சம் கூடுதலாக உறுத்தும்.

முதலில் நடந்தது என்ன என்று பார்த்துவிடுவோம்.

ஜே.பி.பெர்ன்ஸ்டீன் என்று ஓர் அமெரிக்க விளையாட்டு ஏஜெண்ட். 2002ல் யாவ் மிங் என்ற சீனர் அமெரிக்கக் கூடைப்பந்துக்குப் போனார். அவர் பின்னால் சீனாவே டிவி முன்னால் உட்கார்ந்தது. இந்தியாவிலும் நூறு கோடிக்கு மேல் ஜனம் இருக்கிறதே, ஒரு பேஸ்பால் யாவ் மிங்கைக் கண்டுபிடித்தால் எப்படியிருக்கும்? இதுதான் கணக்கு. 2007 கடைசியிலும் 2008 தொடக்கத்திலும் 'மில்லியன் டாலர் ஆர்ம்' என்று ஊர் ஊராகப் போட்டி நடத்தினார்கள். 37,000 பேருக்கு மேல் எறிந்து பார்த்ததாக நடத்தியவர்களே சொன்னார்கள். ஜெயித்தவர் ரிங்கு சிங். பதோஹி பக்கத்துக் கிராமம், அப்பா லாரி டிரைவர். இடதுகையால் மணிக்கு 87 மைல், அதாவது 140 கிலோமீட்டர் வேகத்தில் எறிந்தார். அடுத்தவர் வாரணாசிப் பக்கத்து தினேஷ் படேல், வலதுகை.

இங்கேயே முதல் பொய்யைப் பிடித்துவிடலாம். போட்டியின் பெயரில் இருக்கிற பத்து லட்சம் டாலர் இருக்கிறதே, அதை யாருமே வாங்கவில்லை. 90 மைல் வேகத்தில், அதுவும் குறி தப்பாமல், தொடர்ந்து எறிந்தால்தான் அந்தத் தொகை. ரிங்கு சிங்குக்குக் கிடைத்தது ஒரு லட்சம் டாலர். அன்றைய மதிப்பில் 40 லட்ச ரூபாய். லாரி டிரைவர் மகனுக்கு அது பெரிய பணம்தான், மறுக்கவில்லை. ஆனால் அது பரிசு. ஒரு தடவை வருவது. சம்பளம் என்பது வேறு சமாச்சாரம். அதற்குப் பிறகு வருகிறேன்.

இரண்டாவது பொய் 'எங்கிருந்தோ வந்தார்கள்' என்பது. எங்கிருந்தோ எல்லாம் வரவில்லை சாமிகளா. இரண்டு பேரும் ஈட்டி எறிபவர்கள். லக்னோவில் குரு கோவிந்த் சிங் விளையாட்டுக் கல்லூரி என்று மாநில அரசு நடத்தும் ஒரு விடுதிக் கல்லூரி இருக்கிறது. அங்கே வருஷக்கணக்கில் ஈட்டி பிடித்தவர்கள். ரிங்கு சிங் ஜூனியர் தேசிய அளவில் பதக்கம் வாங்கியவர்.

இந்தக் கல்லூரியின் பெயர் உங்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். ஆனால் அங்கே படித்த இன்னொருவரை நீங்கள் தலையில் தூக்கி வைத்து ஆடியிருக்கிறீர்கள். சுரேஷ் ரெய்னா! நம்ம 'சின்ன தல'யேதான். 2007 டி20 உலகக் கோப்பை ஜெயித்த அணியில் பந்து வீசிய ஆர்.பி.சிங்கும் அங்கேதான். ஆக, ஒரு அரசுக் கல்லூரி, அதன் விடுதி, அதன் பயிற்சியாளர்கள், காலை ஐந்து மணிக்கு எழுப்பிவிட்ட விசில் சத்தம், இதெல்லாம் சேர்ந்து பல வருஷம் உருவாக்கிய தோள்பட்டையை ஒரு ஏஜெண்ட் வந்து ரேடார் துப்பாக்கியால் அளந்தார். அவ்வளவுதான். இதற்குப் பெயர் 'கண்டுபிடிப்பு'. கொலம்பஸ் கண்டுபிடித்த மாதிரி.

கிரிக்கெட்டில் ஊறிய நாட்டில் பந்து வீச்சாளர்களை விட்டு ஈட்டிக்காரர்கள் ஏன் ஜெயித்தார்கள்? நாம் கிரிக்கெட்டில் சின்ன வயசிலிருந்து கையை நீட்டி வீசப் பழகுகிறோம். முழங்கை 15 டிகிரிக்கு மேல் நிமிர்ந்தால் அது 'த்ரோ', நடுவர் கை தூக்கிவிடுவார். பேஸ்பாலில் நேர் எதிர். முழங்கையை மடக்கி, தோளுக்குப் பின்னால் கொண்டுபோய், சாட்டை மாதிரி விட வேண்டும். கிட்டத்தட்ட ஈட்டி எறிகிற அதே அசைவு. கிரிக்கெட் பந்தைவிட பேஸ்பால் கொஞ்சம் எடை குறைவு. தூரமும் குறைவு: 60 அடி 6 அங்குலம். ஆனால் மேட்டில் நின்று, ஓடி வராமல், 17 அங்குல அகலப் பலகைக்கு மேலே, மட்டையாளனின் முட்டிக்கும் நெஞ்சுக்கும் நடுவில் போட வேண்டும். தரையில் குத்தி எழும்புகிற உதவியெல்லாம் கிடையாது. வேகம் கடவுள் கொடுத்ததாக இருக்கலாம். இந்தக் குறி இருக்கிறதே, அது அமெரிக்கப் பையன்கள் எட்டு வயசிலிருந்து கற்பது. இவர்கள் இரண்டு பேருக்கும் அதற்குக் கிடைத்தது 2008 மே முதல் நவம்பர் வரை, லாஸ் ஏஞ்சல்ஸில் டாம் ஹவுஸ் என்ற முன்னாள் பிட்சரிடம். இங்கிலீஷும் சேர்த்துக் கற்றுக்கொண்டார்கள்.

நவம்பர் 24, 2008. பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணி ஒப்பந்தம் போட்டது. கையெழுத்துப் பணம் ஆளுக்கு 8,000 டாலர் என்று அப்போது செய்தி வந்தது. பைரேட்ஸ் அப்போது 1993லிருந்து தொடர்ந்து பதினாறு சீசன் தோல்விக் கணக்கில் முடித்திருந்த அணி. (அதற்கப்புறமும் நாலு சீசன் அதே கதைதான்.) அப்படிப்பட்ட அணிக்கு இரண்டு இந்தியர்கள், மொத்தம் 16,000 டாலர், உலகம் முழுக்கச் செய்தி. இதைவிட மலிவான விளம்பரம் உண்டா?

ஒரு ஒப்பீடு சொல்கிறேன், அப்புறம் நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். அதே 2008. பிப்ரவரி மாதம் மும்பையில் ஐபிஎல் முதல் ஏலம். அதே லக்னோ கல்லூரி மாணவர் ரெய்னாவைச் சென்னை அணி 6,50,000 டாலருக்கு எடுத்தது. ஒரே விடுதிச் சோறு தின்ற இன்னொருவனுக்கு 8,000. ரெய்னா சர்வதேச ஆட்டக்காரர், இவர்கள் கத்துக்குட்டிகள், ஒப்பிடலாமா என்பீர்கள். சரி, ஒப்பிட வேண்டாம். ஆனால் 'கோடீஸ்வரர்' என்ற சொல்லை எந்தப் பக்கம் போட வேண்டும் என்றாவது தெரிகிறதல்லவா?

இப்போது சம்பளத்துக்கு வருவோம். மேடைப் பேச்சாளர்கள் யாரும் தொடாத இடம் இது.

நம் ஆட்களுக்கு அமெரிக்க விளையாட்டு என்றாலே மேஜர் லீக் கோடிகள்தான் கண்ணுக்குத் தெரியும். மேஜருக்குக் கீழே மைனர் லீக் என்று ஒரு பெரிய ஏணி இருக்கிறது. பத்து பேர் ஏறினால் ஒருவர் மேலே போவார் என்பது அங்கே வழக்கமாகச் சொல்லும் கணக்கு. அந்த ஏணியில் நிற்பவர்களுக்கு என்ன கூலி தெரியுமா? 2020 வரைக்கும்கூடக் கீழ்ப்படிகளில் குறைந்தபட்சம் வாரத்துக்கு 290 டாலர். அதுவும் சீசன் நடக்கிற மாதங்களுக்கு மட்டும். சீசனுக்கு முந்தைய பயிற்சி முகாமுக்குச் சம்பளமே கிடையாது. ஐந்து மாதம் முழுசாக ஆடினால் ஆறாயிரம் டாலர் சொச்சம். 2009ல் இதைவிட அதிகம் இருந்திருக்க வழியில்லை. இங்கிருந்து ஆன்சைட் போகும் நம் பசங்க ஒரு மாதத்தில் அதைத் தாண்டுவார்கள். மைனர் லீக் ஆட்டக்காரர்கள் நாலைந்து பேராக ஒரே அறையில் காற்றுப் படுக்கையில் படுத்துக்கொண்டு, சீசன் முடிந்ததும் கடைகளில் வேலைக்குப் போன கதைகள் அங்கே சர்வசாதாரணம்.

எப்படி இப்படி நடக்க முடிகிறது என்றால், 1922லேயே அமெரிக்க உச்ச நீதிமன்றம் பேஸ்பாலுக்கு ஏகபோகத் தடைச் சட்டம் பொருந்தாது என்று தீர்ப்புச் சொல்லிவிட்டது. உங்களை ஓர் அணி ஒப்பந்தம் செய்தால் பல வருஷத்துக்கு அது சொல்கிற இடம், அது கொடுக்கிற கூலி. பிப்ரவரி 2014ல் சில முன்னாள் ஆட்டக்காரர்கள் குறைந்தபட்சக் கூலி கேட்டு வழக்குப் போட்டார்கள். அணி முதலாளிகள் சும்மா இருப்பார்களா? மார்ச் 2018ல் இரண்டாயிரம் பக்கத்துக்கு மேலுள்ள பட்ஜெட் மசோதாவுக்குள் ஒரு சின்னப் பிரிவைச் செருகி, மைனர் லீக் ஆட்டக்காரர்களுக்குக் குறைந்தபட்சக் கூலிச் சட்டத்தின் பெரும்பகுதி பொருந்தாதபடி செய்துவிட்டார்கள். அந்தச் சட்டத்தின் பெயரைக் கேளுங்கள்: அமெரிக்காவின் பொழுதுபோக்கைக் காப்பாற்றும் சட்டம்! வழக்கு 2022ல்தான் 18.5 கோடி டாலருக்குச் சமரசமானது. அதே வருஷம் ஆட்டக்காரர்கள் தொழிற்சங்கத்தில் சேர்ந்தார்கள். 2023 ஒப்பந்தத்தில் கீழ்ப்படிச் சம்பளம் வருஷத்துக்கு 4,800 டாலரிலிருந்து 19,800 ஆனது. ஒரே கையெழுத்தில் நாலு மடங்கு. அத்தனை வருஷமாக எவ்வளவு அமுக்கி வைத்திருந்தார்கள் என்பதற்கு வேறு சாட்சி வேண்டுமா?

வழக்குப் போட்ட அதே 2014ல், மூன்று மாதம் கழித்து, டிஸ்னியின் 'மில்லியன் டாலர் ஆர்ம்' படம் வந்தது. நம்ம ரஹ்மான் இசை. (தங்கமணி அதற்காகவே பார்த்தார். பாட்டு நன்றாகத்தான் இருக்கிறது, அதில் எனக்குச் சண்டையில்லை.) படத்தின் நாயகன் யார் என்று பாருங்கள். ஏஜெண்ட். கடனில் இருக்கும் ஏஜெண்ட் திருந்துகிறார், காதலிக்கிறார், நல்ல மனிதர் ஆகிறார். அதற்கு உதவியாக இரண்டு இந்தியப் பையன்கள். ஒப்பந்தம் கையெழுத்தானதும் சுபம். ஒரு பிட்சரின் தொழில் வாழ்க்கை எந்த நாளில் தொடங்குகிறதோ அந்த நாளில் படம் முடிந்துவிடுகிறது!

அதற்கப்புறம் நடந்ததுதான் எனக்குப் பிடித்த பகுதி. அதை எந்த மேடையிலும் சொல்வதில்லை.

2009 ஜூலை 4. ஃபுளோரிடாவில் பிரேடன்டன் என்ற ஊர். ஏணியின் கீழ்ப்படிகளில் ஒன்றான கல்ஃப் கோஸ்ட் லீக். மதிய வெயிலில், டிக்கெட் வாங்கிய கூட்டம் எதுவும் இல்லாத பயிற்சி மைதானத்தில், இரண்டு பேரும் முதல் தடவையாகத் தொழில்முறை ஆட்டத்தில் எறிந்தார்கள். ஒன்பது நாள் கழித்து, ஜூலை 13ல், ரிங்கு சிங் கணக்கில் முதல் வெற்றி. அமெரிக்கத் தொழில்முறை பேஸ்பாலில் ஓர் இந்தியர் பெற்ற முதல் வெற்றி அது.

தினேஷ் படேலை 2010 டிசம்பரில் விடுவித்துவிட்டார்கள். இரண்டு சீசன். வயசு 21. படிப்பைத் தொடர ஊர் திரும்பினார். நம் பேச்சாளர்களின் கதையில் இவர் பெயர் பாதியிலேயே மறைந்துபோகும், கவனித்திருக்கிறீர்களா? 'ஜெயித்த' கதைக்குள் இவரை எங்கே வைப்பது என்று அவர்களுக்குத் தெரியாது.

ரிங்கு சிங் நின்றார். குளிர்காலத்தில் அங்கே ஆட்டம் இல்லையென்றால் ஆஸ்திரேலியா போய் கான்பெராவுக்கு ஆடினார். பிறகு அடிலெய்டு. படிப்படியாக ஏறி 2012ல் மேற்கு வர்ஜீனியாவில் லோ-ஏ என்ற படி. முழு சீசன், 39 ஆட்டங்கள், 72 இன்னிங்ஸ், 65 பேரை ஸ்டிரைக் அவுட். ஒன்பது இன்னிங்ஸுக்குச் சராசரியாக மூன்று ரன்தான் கொடுத்தார். பேஸ்பால் புரியாதவர்களுக்கு: இது விளம்பரத்துக்காக வைத்திருந்த பொம்மையின் கணக்கு இல்லை. ஐந்து வருஷத்துக்கு முன் இந்த ஆட்டத்தை ஆடியே இராத ஒருவர், சிறுவயதிலிருந்தே இதையே செய்துவந்தவர்களுக்கு எதிராக எறிந்து சம்பாதித்த கணக்கு. ஆனால் மேஜருக்கு இன்னும் மூன்று படி தாண்ட வேண்டும். வயசு 24 ஆகிவிட்டது. அந்தப் படியில் பெரும்பாலோர் அவரைவிட இளையவர்கள்.

2013ல் முழங்கை போயிற்று.

முழங்கையின் உள்பக்கம் மேற்கை எலும்பையும் முன்கை எலும்பையும் கட்டி வைத்திருக்கும் தசைநார் ஒன்று இருக்கிறது. ஒவ்வொரு எறிதலிலும் அதன் மேல்தான் இழுவிசை முழுதும் விழுகிறது. அறுந்தால், கையின் வேறு இடத்திலிருந்து ஒரு தசைநாணை எடுத்து எலும்பில் துளை போட்டுக் கோர்த்துக் கட்டுவார்கள். 1974ல் டாக்டர் ஃபிராங்க் ஜோப் இதை முதலில் டாமி ஜான் என்ற பிட்சருக்குச் செய்ததால் அவர் பெயரே அந்த அறுவைச் சிகிச்சைக்கு வந்துவிட்டது. டாமி ஜான் 1976ல் திரும்பி வந்து 1989 வரை ஆடினார். எல்லோரும் டாமி ஜான் இல்லையே. ரிங்கு சிங் அதற்கப்புறம் ஓர் அதிகாரப்பூர்வ ஆட்டத்தில்கூட எறியவில்லை. 2014ல் உலகம் முழுக்கத் திரையில் அவர் பெயர் ஓடியபோது நிஜ ரிங்கு சிங் ஆட முடியாமல் கையைத் தேற்றிக்கொண்டிருந்தார். பிறகு 2018 ஜனவரியில் மல்யுத்தக் கேளிக்கை நிறுவனமான டபிள்யூடபிள்யூஈயில் சேர்ந்தார். வீர் மஹான் என்ற பெயரில் நெற்றியில் திருநீற்றுப் பட்டையோடு வந்தவரை உங்கள் வீட்டு வாண்டுகளுக்குத் தெரியும். 2024 ஏப்ரலில் அங்கிருந்தும் விடுவிக்கப்பட்டார்.

இதைச் சொன்னால் உடனே மறுதரப்பு கிளம்பும். "அப்போ அது ஃபெயிலியர்தானே? சும்மா பப்ளிசிட்டி ஸ்டன்ட்தானே?" என்பார்கள். அதுவும் ஜல்லிதான். நடத்தியவர்களுக்கு அது ஸ்டன்டாக இருந்திருக்கலாம். எறிந்தவனுக்கு அது வேலை. நாலு சீசன் வெயிலில் நின்று செய்த வேலை. நம் ஆட்களுக்கு ஒன்று கோடீஸ்வரன், இல்லையென்றால் தோற்றவன், நடுவில் 'வேலை செய்தவன்' என்று ஓர் ஆள் இருக்கவே கூடாதா? மேலதிகாரி பதவி வராமல் ரிட்டயர் ஆன நம் அப்பாக்களை எல்லாம் தோற்றவர்கள் என்றா சொல்கிறோம்?

இன்னொன்றும் கேட்கத் தோன்றுகிறது. 2021 ஆகஸ்ட் 7ல் டோக்கியோவில் நீரஜ் சோப்ரா 87.58 மீட்டர் எறிந்து தங்கம் வாங்கினார். நாடே ஈட்டியைக் கண்டுபிடித்தது. 2008ல் தேசிய அளவில் ஈட்டி எறிந்த ஒரு பையனுக்கு, அதைவிட்டு அறியாத ஆட்டம் ஒன்றுக்குப் போவதுதான் வருமானத்துக்கு வழி என்று ஏன் இருந்தது? அவர் அங்கேயே நின்றிருந்தால் ஒலிம்பிக் போயிருப்பார் என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்ல எந்த ஆதாரமும் இல்லை. ஆனால் 'அமெரிக்காக்காரன் வந்து கண்டுபிடித்தான்' என்று கைதட்டுகிற நாம், அந்த லக்னோ கல்லூரியின் ஈட்டிப் பயிற்சியாளர் பெயரை ஒரு தடவையாவது கேட்டிருக்கிறோமா?

இதையெல்லாம் இப்போது இழுப்பதற்குக் காரணம் இருக்கிறது. இந்தக் கதை சும்மா வரவில்லை, பின்னாலேயே ரசீது புத்தகமும் வருகிறது. எங்கள் குடியிருப்பில் ஒரு தனியார் பயிற்சிக் கூடத்தின் தாள் சுற்றுக்கு விட்டார்கள். பதினோரு வயசிலிருந்து 'வேகப்பந்துத் திறன் தேடல்', வாரம் ஆறு நாள், மூன்று வருஷப் பணம் முன்கூட்டியே, தேர்வானால் வெளிநாட்டு வாய்ப்பு. மேலே கொட்டை எழுத்தில் ரிங்கு சிங் படம். வேற்றூரில் பிழைக்கும் நமக்குச் சொத்து என்று இருப்பது பிள்ளைகள்தான். ஊரில் நிலம் நீச்சு கிடையாது, இங்கே சொந்தபந்தம் கிடையாது. அந்தப் பயத்தைப் பார்த்துத்தான் இவர்கள் வலை வீசுகிறார்கள். நம்மவர்களில் மூன்று குடும்பம் பணம் கட்டத் தயாராக இருக்கிறது.

தாராளமாக ஆடட்டும், யார் வேண்டாமென்றது? ஆனால் கட்டும் முன் கேளுங்கள். பதினோரு வயசுப் பையன் ஒரு நாளைக்கு எத்தனை பந்து எறிவான், யார் எண்ணுவார்கள்? அமெரிக்காவில் சிறுவர் பேஸ்பாலில் வயசுவாரியாக உச்சவரம்பு வைத்திருக்கிறார்கள்: லிட்டில் லீகில் 11, 12 வயசுக்கு ஒரு நாளைக்கு 85 எறிதல், அதற்கப்புறம் நாலு நாள் கட்டாய ஓய்வு. வாரம் ஆறு நாள் என்று போட்டிருக்கும் தாளில் ஓய்வு எங்கே வருகிறது? முழங்கையோ தோளோ போனால் மருத்துவச் செலவு யாருடையது? நடுவில் நிறுத்தினால் மீதிப் பணம் திரும்பி வருமா?

அந்தத் தாளை முன்னும் பின்னும் இரண்டு தடவை படித்துவிட்டேன். சீருடையின் விலை இருக்கிறது, ஷூவின் விலை இருக்கிறது, ஆண்டு விழாக் கட்டணம்கூட இருக்கிறது. முழங்கை பற்றி ஒரு வரி இல்லை. ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அவர்கள் வந்து விளக்கம் கொடுக்கப் போகிறார்களாம். பணம் கட்டப் போகிற மூன்று வீட்டுக்காரர்களும் இந்தக் கேள்விகளை எழுத்தில் கொண்டு வாருங்கள். எழுத்திலேயே பதில் வாங்குவோம்.